தண்டனையாக வந்த டிரான்ஸ்பர் ஆர்டரை எதிர்த்து வழக்குத் தொடுப்பது எப்படி? அரசு, பொதுத்துறை ஊழியர்களுக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

‘நிர்வாக நலன் கருதி’ என்று தொடங்கும் ஆர்டர் பெரும்பாலும் வெள்ளிக்கிழமை சாயங்காலம்தான் கைக்கு வரும். காரணம் என்று ஒரு வரிகூட இருக்காது. ஆனால் பின்னணி உங்களுக்குத் தெரியும். போன மாதம் மேலதிகாரியோடு நடந்த வாக்குவாதமாக இருக்கலாம், கொள்முதல் ஃபைலில் நீங்கள் எழுதிய மறுப்புக் குறிப்பாக இருக்கலாம், சங்க ஆர்ப்பாட்டத்தில் மைக் பிடித்ததாக இருக்கலாம், யாரோ போட்ட மொட்டைப் பெட்டிஷனாகவும் இருக்கலாம்.

சங்க வேலையில் இருப்பதால் இப்படிப்பட்ட ஆர்டரோடு வருகிற பலரோடு பல வருடங்களாக உட்கார்ந்து பேசியிருக்கிறேன். அதில் நான் பார்த்தது இதுதான்: ஊர் தூரம், அம்மாவின் உடம்பு, பிள்ளைகளின் படிப்பு ஆகியவற்றை முன்னால் வைத்து வழக்குப் போட்டவர்கள் பெரும்பாலும் தோற்றார்கள். தேதிகளை வரிசையாக அடுக்கி, ‘இது விசாரணை இல்லாமல் கொடுத்த தண்டனை’ என்று காட்ட முடிந்தவர்கள் ஜெயித்தார்கள். கீழே சொல்வதெல்லாம் அந்த இரண்டாவது வகை வழக்கைக் கட்டுவதற்காகத்தான்.

முதலில் கசப்பான உண்மை

மாற்றலுக்கு உரிய பணியில் சேர்ந்த எவருக்கும் ஒரே இடத்தில் இருக்கும் உரிமை கிடையாது. உச்ச நீதிமன்றம் இதைத் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. 1991-ல் ஷில்பி போஸ் வழக்கில், கட்டாய விதி மீறப்பட்டிருந்தாலோ உள்நோக்கம் இருந்தாலோ தவிர நீதிமன்றம் டிரான்ஸ்பரில் தலையிடக் கூடாது என்றது. 1993-ல் எஸ்.எல். அப்பாஸ் வழக்கில், கணவன் மனைவியை ஒரே ஊரில் வைக்க வேண்டும் என்பது போன்ற வழிகாட்டு நெறிகள் ஊழியருக்கு நீதிமன்றத்தில் கேட்டு வாங்கும் உரிமையைத் தராது என்றது. மாற்றுவதற்கு முன் உங்களைக் கூப்பிட்டு விசாரிக்க வேண்டும் என்ற பொது விதியும் இல்லை. அதைச் சொன்னது தமிழ்நாட்டுப் பள்ளிக் கல்வித் துறை வழக்கு ஒன்றில்தான். அந்த வழக்கு பற்றிப் பின்னால் வருகிறது.

மிஞ்சுவது சில வாசல்கள் மட்டும். ஆர்டர் போட்டவருக்கு அந்த அதிகாரமே இல்லாமல் இருப்பது, சட்டம் அல்லது சட்டபூர்வ விதி மீறப்பட்டிருப்பது, உள்நோக்கம், மாற்றல் என்ற பெயரில் தண்டனை. முதல் இரண்டையும் வழக்கறிஞர் விதிப் புத்தகத்தைப் பார்த்தே சொல்லிவிடுவார். உழைப்பு முழுக்கக் கடைசி இரண்டுக்குத்தான்.

இது தண்டனைதானா என்று எப்படித் தீர்மானிப்பது?

தமிழ்நாடு குடிமைப் பணிகள் (ஒழுங்கு மற்றும் மேல்முறையீடு) விதிகளில் 8-வது விதி, கண்டனம் முதல் பணிநீக்கம் வரை கொடுக்கக்கூடிய தண்டனைகளை வரிசைப்படுத்துகிறது. மத்திய அரசு ஊழியர்களுக்கு 1965-ஆம் ஆண்டு மத்திய குடிமைப் பணிகள் (வகைப்பாடு, கட்டுப்பாடு மற்றும் மேல்முறையீடு) விதிகளில் 11-வது விதி. இரண்டிலுமே இடமாற்றம் என்ற தண்டனை கிடையாது. தவறு செய்ததாக நினைத்தால் தமிழ்நாட்டு விதிகளின் 17(ஏ) (சிறிய தண்டனைக்கு) அல்லது 17(பி) (பெரிய தண்டனைக்கு) மெமோ, மத்திய அரசில் அதற்குரிய மெமோ கொடுத்து, விளக்கம் கேட்டு, அதற்கான நடைமுறைப்படிதான் தண்டனை கொடுக்க முடியும். அந்தப் பாதையைத் தவிர்த்துவிட்டு ஆளைத் தூக்கி வேறு ஊரில் போட்டால், இல்லாத தண்டனையை விசாரணையில்லாமல் கொடுத்ததாக ஆகிறது.

இதற்கு நாம் முதலில் காட்டும் தீர்ப்பு சோமேஷ் திவாரி வழக்கு (2009-ல் வெளியானது). மத்திய கலால் துறை அதிகாரி ஒருவர் மீது மொட்டைப் பெட்டிஷன் வந்தது. துறையே விசாரித்தது, குற்றச்சாட்டில் உண்மையில்லை என்று தெரிந்தது. அதற்குப் பிறகும் அவரைப் போபாலிலிருந்து ஷில்லாங்குக்கு மாற்றினார்கள். தண்டனைக்குப் பதிலாகப் போடப்படும் மாற்றல் ஆணை முழுக்கச் சட்டவிரோதம் என்று உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. அதிகாரிக்குத் தனிப்பட்ட பகை இருந்ததாக அங்கே நிரூபிக்க வேண்டியிருக்கவில்லை. சம்பந்தமில்லாத காரணத்தை வைத்து அதிகாரத்தைப் பயன்படுத்தினாலே சட்டத்தின் பார்வையில் அது உள்நோக்கம்தான் என்றது நீதிமன்றம்.

ஆனால் இந்த ஒரு தீர்ப்பை நம்பி இறங்கிவிடாதீர்கள். எதிர்த்தரப்பு அரசு வழக்கறிஞர் 2004-ஆம் ஆண்டின் ஜனார்தன் தேப்நாத் தீர்ப்பை எடுத்து வைப்பார். மேலதிகாரியிடம் முறைகேடாக நடந்துகொண்டதாகப் புகார் வந்த தபால் துறை ஊழியர்களை மாற்றிய வழக்கு அது. அலுவலகத்தில் ஒழுங்கைக் காப்பாற்ற மாற்றுவதற்கு முழு விசாரணை தேவையில்லை, மேலோட்டமாகத் திருப்தி ஏற்பட்டால் போதும் என்று அதில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

இரண்டுக்கும் நடுவில் உங்கள் வழக்கு எங்கே நிற்கிறது என்று நேர்மையாகப் பாருங்கள். பதற்றம் தணிய இரு தரப்பையும் மாற்றினார்களா, உங்களை மட்டுமா? பக்கத்துக் கோட்டத்தில் காலியிடம் இருக்கும்போது 500 கிலோமீட்டர் தள்ளிப் போட்டார்களா? உங்கள் தகுதிக்குக் கீழான பதவியா? புகார் விசாரணையில் நீங்கள் குற்றமற்றவர் என்று வந்த பிறகு நடந்ததா? இரண்டு வருடத்தில் இது எத்தனையாவது மாற்றல்? உங்கள் இடத்துக்கு வருகிறவர் யார், அவர் எப்போது விண்ணப்பித்தார்? இவற்றில் இரண்டு மூன்றுக்காவது காகித ஆதாரம் இருந்தால் வழக்கில் சத்து இருக்கிறது. வெறும் ‘எல்லோருக்கும் தெரியும்’ என்பது நீதிமன்றத்தில் நிற்காது.

ஆர்டர் கைக்கு வந்த நாளில்

வாங்க மறுக்காதீர்கள். மறுத்தால் சுவரில் ஒட்டி, சாட்சிக் கையெழுத்து வாங்கி, உங்கள் நடத்தைக்கு எதிரான ஆதாரமாக வைத்துக்கொள்வார்கள். கையெழுத்துப் போடும்போது பக்கத்தில் தேதியையும் நேரத்தையும் உங்கள் கைப்படவே எழுதுங்கள். முன்தேதி போட்டுத் தரச் சொன்னால் சம்மதிக்காதீர்கள். வாட்ஸ்அப்பில் வந்திருந்தால் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள்.

அடுத்து, விடுவிப்பு ஆணை வந்துவிட்டதா என்று பாருங்கள். மாற்றல் ஆணையும் விடுவிப்பும் தனித்தனி விஷயங்கள். நீங்கள் இன்னும் விடுவிக்கப்படவில்லை என்றால் இடைக்காலத் தடை கிடைக்கும் வாய்ப்பு கணிசமாக அதிகம். விடுவித்து, உங்கள் நாற்காலியில் இன்னொருவர் சேர்ந்தும்விட்டால், அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும், நீதிபதியும் தடை கொடுக்கத் தயங்குவார். அதனால்தான் வெள்ளிக்கிழமை ஆர்டருக்குத் திங்கட்கிழமையே உயர் நீதிமன்றத்தில் லஞ்ச் மோஷன் (அன்றைக்கே அவசரமாக விசாரிக்க வேண்டும் என்ற கோரிக்கை) கேட்டு வழக்கறிஞர்கள் நிற்கிறார்கள்.

அன்றைக்கு ராத்திரியே ஒரு தேதிப் பட்டியல் எழுதுங்கள். இந்த வழிகாட்டியில் ஒரே ஒரு விஷயத்தைத்தான் செய்ய முடியும் என்றால் இதைச் செய்யுங்கள். என்றைக்கு எந்தக் குறிப்பு எழுதினீர்கள், என்றைக்கு மெமோ வந்தது, என்ன பதில் கொடுத்தீர்கள், என்றைக்குச் சங்கக் கூட்டம், என்றைக்கு மாற்றல். ஒவ்வொரு வரிக்கும் எதிரே அதை நிரூபிக்கும் காகிதம் எது என்று குறியுங்கள். உள்நோக்கத்துக்கு நேரடிச் சாட்சி கிடைப்பது அபூர்வம். புகார் கொடுத்த ஒன்பதாவது நாளில் மாற்றல் வந்திருக்கிறது என்ற இடைவெளிதான் பேசும்.

ஒரு எச்சரிக்கை. ஆதாரம் சேர்க்கிறேன் என்று அலுவலக ஃபைலை வீட்டுக்கு எடுத்துப் போகாதீர்கள், அதுவே தனிக் குற்றச்சாட்டாக வரும். உங்களுக்கு முறைப்படி வந்த பிரதிகள் போதும். மாற்றலுக்கான குறிப்புக் கோப்பை 2005-ஆம் ஆண்டின் தகவல் உரிமைச் சட்டப்படி 10 ரூபாய் கட்டணத்தில் கேளுங்கள். பதிலுக்கு 30 நாள் அவகாசம் உண்டு என்பதால் தடை கேட்கும் கட்டத்துக்கு அது உதவாது. இறுதி விசாரணையின்போது கை கொடுக்கும்.

சேருவதா, வேண்டாமா?

எல்லோரும் கேட்கும் கேள்வி இதுதான், பலர் வாழ்க்கையைக் கெடுத்துக்கொண்டதும் இங்கேதான்.

1989-ல் குஜராத் மின்வாரிய வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது: மனுக் கொடுத்திருக்கிறேன், அது நிலுவையில் இருக்கிறது என்பதற்காகப் புதிய இடத்தில் சேராமல் இருக்க முடியாது. தடையோ ரத்தோ இல்லாதவரை ஆணைக்குக் கீழ்ப்படிய வேண்டும். அந்த ஊழியர் சேரவில்லை, வேலை போனது, உச்ச நீதிமன்றம் வரை போயும் அது திரும்பவில்லை.

எனக்கு நெருங்கிய ஒரு தோழர், இதோ தடை வந்துவிடும் என்று நம்பி நான்கு மாதம் மருத்துவ விடுப்பில் இருந்தார். மருத்துவக் குழுவுக்கு அனுப்பினார்கள், அங்கே அவர் பணி செய்யத் தகுதியானவர் என்று சொல்லிவிட்டார்கள். விடுப்பு மறுக்கப்பட்டது, அனுமதியில்லாமல் வராததற்கு 17(பி) மெமோ வந்தது. மாற்றலில் அவர் பக்கம்தான் நியாயம். ஆனால் வழக்கு விசாரணைக்கு வந்த நாளில் நீதிபதி கேட்ட முதல் கேள்வி, “இவர் ஏன் நான்கு மாதமாக வேலைக்கே போகவில்லை?” என்பதுதான். மாற்றல் வழக்கு அதிலேயே பாதி செத்துவிட்டது.

ஆகவே சொல்கிறேன். பணியேற்பு இடைக்காலம், அதாவது புதிய இடத்தில் போய்ச் சேரத் தரும் அவகாசம், எத்தனை நாள் என்று பாருங்கள். அதற்குள் தடை கிடைத்தால் நல்லது, கிடைக்காவிட்டால் போய்ச் சேருங்கள். பணியேற்பு அறிக்கையிலேயே, ‘மாற்றல் ஆணையை எதிர்க்கும் என் சட்ட உரிமைக்குப் பாதகமில்லாமல் பணியில் சேர்கிறேன்’ என்று ஒரு வரி எழுதுங்கள். சேர்ந்ததால் வழக்குச் செத்துவிடாது. தடை கிடைப்பது கடினமாகும், அது உண்மை. ஆனால் சம்பளமும் பணித் தொடர்ச்சியும் கையில் இருக்க வழக்கை நடத்துவது வேறு, இரண்டும் இல்லாமல் நடத்துவது வேறு. உண்மையிலேயே உடம்பு சரியில்லை என்றால் விடுப்பு எடுங்கள். அதைத் தந்திரமாகப் பயன்படுத்தாதீர்கள்.

கோரிக்கை மனு

ஆர்டர் போட்டவருக்கும் அவருக்கு மேல் உள்ளவருக்கும் உரிய வழியில் ஒரு மனு கொடுங்கள், முன்பிரதி ஒன்றை விரைவுத் தபாலில் நேரடியாக அனுப்புங்கள். ஒன்றரைப் பக்கம் போதும். எந்த நிகழ்ச்சிக்குப் பிறகு இந்த மாற்றல் வந்தது, எந்த விதி மீறப்பட்டது, என்ன கேட்கிறீர்கள். கோபத்தில் அதிகாரியைத் திட்டி எழுதும் ஒவ்வொரு வரியும் பிறகு அவர்களுடைய எதிர் உறுதிமொழிப் பத்திரத்தில் மேற்கோளாக வரும். இன்னொன்று, ‘குடும்பச் சூழ்நிலை காரணமாகக் கருணையோடு’ என்று மட்டும் எழுதிவிட்டு, பின்னால் நீதிமன்றத்தில் பழிவாங்கல் என்று சொன்னால், மனுவில் ஏன் இதைச் சொல்லவில்லை என்று கேட்பார்கள். முதல் காகிதத்திலிருந்தே காரணம் ஒன்றாக இருக்கட்டும்.

எம்.எல்.ஏ. கடிதம், அமைச்சர் பரிந்துரை வேண்டாம். பணி விஷயத்தில் வெளிச் செல்வாக்கைக் கொண்டுவருவது நடத்தை விதிகளுக்கே விரோதம். மறுபக்கம், அரசியல்வாதி சொல்லித்தான் உங்களை மாற்றினார்கள் என்று வாதிடுவதாக இருந்தாலும் அது மட்டும் போதாது. மக்கள் பிரதிநிதி ஒருவர் புகார் அனுப்பினார் என்பதாலேயே மாற்றல் செல்லாமல் போகாது என்று 2007-ல் முகமது மசூத் அகமது வழக்கில் தீர்ப்பு இருக்கிறது. அதிகாரி தன் மூளையைப் பயன்படுத்தாமல் அப்படியே கையெழுத்திட்டார் என்று காட்ட வேண்டும்.

எந்தக் கதவைத் தட்டுவது?

தமிழ்நாடு அரசு ஊழியர்கள், ஆசிரியர்களுக்கு மாநிலத் தீர்ப்பாயம் இப்போது இல்லை. அரசியல் சட்டத்தின் 226-வது பிரிவில் உயர் நீதிமன்றத்துக்கு நேராக ரிட் மனு. தென் மாவட்டங்கள், திருச்சி, தஞ்சாவூர், புதுக்கோட்டை, கரூர் என்றால் மதுரைக் கிளை. மற்றவை சென்னை.

மத்திய அரசு ஊழியர்கள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குத்தான் முதலில் போக வேண்டும், சென்னையில் அதன் அமர்வு இருக்கிறது. கட்டணம் 50 ரூபாய்தான். துறைக்குள் இருக்கும் முறையீட்டு வழிகளை முடித்துவிட்டு வந்தீர்களா என்று 1985-ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டத்தின் 20-வது பிரிவை வைத்துக் கேட்பார்கள், காலக்கெடு பொதுவாக ஒரு வருடம். அங்கே தோற்றால் உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு. 1997-ல் எல். சந்திரகுமார் தீர்ப்புக்குப் பிறகு இதுதான் வழி. பிஎஸ்என்எல் போல அறிவிக்கை மூலம் தீர்ப்பாயத்தின் கீழ் கொண்டுவரப்பட்ட நிறுவனங்களும் உண்டு, அதனால் உங்கள் நிறுவனம் அந்தப் பட்டியலில் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள்.

பொதுத்துறை வங்கி, காப்பீட்டுக் கழகம், மின்வாரியம், போக்குவரத்துக் கழகம் எல்லாம் அரசியல் சட்டத்தின் 12-வது பிரிவில் ‘அரசு’ என்ற சொல்லுக்குள் வருவதால் ரிட் மனு போடலாம். ஆனால் நீங்கள் சட்டப்படி ‘தொழிலாளி’ என்றால் இன்னொரு வழியும் இருக்கிறது. நிர்வாகக் கொள்கை என்ற போர்வையில் உள்நோக்கத்தோடு தொழிலாளியை இடம் மாற்றுவது முறையற்ற தொழிலாளர் நடைமுறை என்று 1947-ஆம் ஆண்டு தொழில் தகராறுகள் சட்டத்தின் 5-வது அட்டவணை சொன்னது. அதற்குப் பதிலாக நவம்பர் 2025-ல் நடைமுறைக்கு வந்த தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பின் 2-வது அட்டவணையிலும் அது அப்படியே இருக்கிறது. பணிநீக்கத்தைப் போல மாற்றலைத் தனி ஆளாகத் தாவாவாக எழுப்ப முடியாது, சங்கம்தான் எழுப்ப வேண்டும். சாட்சிகளை விசாரித்து உண்மையைக் கண்டறிய வேண்டிய வழக்குக்கு இந்த வழி நல்லது, ஏனென்றால் ரிட் மனுவில் உறுதிமொழிப் பத்திரங்களை வைத்துத்தான் தீர்ப்பு. வேகம் வேண்டுமென்றால் ரிட். சங்கப் பொறுப்பாளர்கள் இந்த முடிவை எடுக்கும்போது வழக்கறிஞரோடு சங்கத்தையும் உட்கார வையுங்கள்.

மனுவில் என்ன இருக்க வேண்டும்?

உள்நோக்கம் என்று சொல்கிறீர்கள் என்றால் அந்த அதிகாரியைப் பெயர் சொல்லித் தனிப்பட்ட முறையில் எதிர்மனுதாரராகச் சேர்த்தாக வேண்டும். பதவியை மட்டும் சேர்த்தால் அந்த வாதமே எடுபடாது. நிரூபிக்கும் சுமை முழுக்க உங்களுடையது, அதுவும் கனமான சுமை. இதைச் சொன்னது தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராக இருந்த இ.பி. ராயப்பா போட்ட வழக்கில்தான். தன்னை முதலமைச்சர் உள்நோக்கத்தோடு மாற்றினார் என்றார் அவர். தன்னிச்சையான அதிகாரமும் சமத்துவமும் ஒன்றுக்கொன்று பகை என்ற புகழ்பெற்ற கோட்பாடு அந்தத் தீர்ப்பில்தான் பிறந்தது. ஆனால் ராயப்பா தோற்றார், ஏனென்றால் சந்தேகத்துக்கு மேல் ஆதாரம் இல்லை என்றது நீதிமன்றம். ஆதாரம் பலமாக இல்லாதபோது தனிப்பட்ட பகையை விட்டுவிட்டு, சோமேஷ் திவாரி வழியில் ‘சட்டத்தின் பார்வையில் உள்நோக்கம்’, ‘தண்டனைக்குப் பதிலாக மாற்றல்’ என்ற இரண்டை மட்டும் வைப்பது பாதுகாப்பானது.

மாற்றல் கோப்பை நீதிமன்றம் வரவழைக்க வேண்டும் என்று கேளுங்கள். வெளியே ‘நிர்வாக நலன்’, உள்ளே ‘இவர் தொல்லை தருகிறார்’ என்று குறிப்பு இருந்தால் ஆர்டரின் திரை விலகிவிடும். துறை தன் பதிலில் புதிதாக ஒரு காரணத்தைக் கண்டுபிடித்துச் சொன்னால், ஆணையில் இல்லாத காரணத்தைப் பிறகு உறுதிமொழிப் பத்திரத்தில் சேர்க்க முடியாது என்ற 1978-ஆம் ஆண்டு மொகிந்தர் சிங் கில் தீர்ப்பைக் காட்டுங்கள். பல சமயம் துறையே பதில் மனுவில், “இவர் மீது பல புகார்கள் வந்ததால் மாற்றினோம்” என்று எழுதிவிடும். அந்த வரியை அடிக்கோடிட்டு வழக்கறிஞரிடம் கொடுங்கள். புகார் என்றால் விசாரணை எங்கே என்று கேட்க அதைவிட நல்ல இடம் கிடைக்காது.

எப்படி ஜெயிப்பது என்று பார்க்க ஒரு தீர்ப்பைப் படிக்க வேண்டுமானால், 2020 பிப்ரவரியில் வந்த பஞ்சாப் அண்ட் சிந்த் வங்கி வழக்கைப் படியுங்கள். இந்தூர் கிளையில் தலைமை மேலாளராக இருந்த பெண் அதிகாரி, மதுபான ஒப்பந்ததாரர்களின் கணக்குகளில் நடந்த முறைகேடுகளை மேலே எழுதினார். மூத்த அதிகாரி ஒருவர் மீது பாலியல் தொந்தரவுப் புகாரும் கொடுத்தார். அவரை ஜபல்பூர் மாவட்டத்தில் சர்சாவா என்ற கிளைக்கு மாற்றினார்கள். அது முதல் நிலை (அதிகாரிகளில் கடைசிப் படி) அதிகாரி இருக்க வேண்டிய கிளை, இவரோ அதைவிட மூன்று படி மேலே, நான்காம் நிலை. புகார்களின் தேதிகள், மாற்றலின் தேதி, பதவியின் பொருத்தமின்மை மூன்றையும் வைத்தே பழிவாங்கல் தெளிவு என்றது உச்ச நீதிமன்றம். மாற்றலை ரத்து செய்து, இந்தூரிலேயே ஒரு வருடம் பணியமர்த்தவும் 50,000 ரூபாய் செலவுத்தொகை கொடுக்கவும் சொன்னது. நான் தேதிப் பட்டியல் என்று இவ்வளவு சொல்வதற்குக் காரணம் புரிந்திருக்கும்.

துணைக்கு நிற்கும் காரணங்கள்

இவை தனியாக வழக்கை ஜெயிக்காது, பக்கபலம் தரும். படிப்பாண்டின் நடுவில் வந்த மாற்றல் என்றால், முன்பு சொன்ன பள்ளிக் கல்வி இயக்குநர் எதிர் கருப்பத்தேவன் வழக்கு (1994). அவசர நிர்வாகத் தேவை இல்லாதபோது ஊழியரின் பிள்ளைகள் படிப்பதைக் கணக்கில் எடுக்க வேண்டும் என்று, அந்தப் படிப்பாண்டு முடியும்வரை மாற்றலை நிறுத்தி வைத்தது உச்ச நீதிமன்றம். மாற்றுத்திறனாளி என்றால் 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைகள் சட்டத்தின் 20-வது பிரிவையும் உங்கள் துறையின் மாற்றல் கொள்கையையும் சேர்த்துக் காட்டுங்கள். குறைந்த சம்பளப் பதவிக்கு மாற்றியிருந்தால் அடிப்படை விதி 15-ஐப் பாருங்கள். திறமைக்குறைவு, தவறான நடத்தை, உங்கள் எழுத்துபூர்வ வேண்டுகோள் ஆகிய காரணங்கள் இல்லாமல் அப்படி மாற்ற முடியாது. தவறான நடத்தை என்று அவர்கள் சொன்னால் விசாரணை எங்கே என்ற கேள்வி தானாக வந்துவிடும்.

தீர்ப்புக்குப் பிறகு

மிகச் சாதாரணமாகக் கிடைக்கும் உத்தரவு, ‘மனுதாரரின் கோரிக்கையை இத்தனை வாரத்துக்குள் பரிசீலிக்க வேண்டும்’ என்பது. ஜெயித்ததாக நினைத்துக் கொண்டாடாதீர்கள். மாற்றிய அதிகாரியிடமே மனு திரும்பிப் போகிறது. குறைந்தபட்சம், பரிசீலித்து முடிக்கும்வரை தற்போதைய நிலை தொடர வேண்டும், காரணம் சொல்லி ஆணை போட வேண்டும் என்ற இரண்டையும் வழக்கறிஞர் கேட்டு வாங்கட்டும். நிராகரித்தால் அந்த ஆணையை எதிர்த்துப் புதிய மனு போடலாம், அதில் சொல்லும் காரணங்கள் உங்களுக்குப் புதிய ஆதாரம்.

தனி நீதிபதியிடம் தோற்றால் 30 நாளுக்குள் ரிட் மேல்முறையீடு. அங்கேயும் அதே ஆதாரம்தான் பேச வேண்டும் என்பதால், புதிதாகக் காட்ட ஒன்றும் இல்லையென்றால் அந்தப் பணத்தையும் காலத்தையும் யோசித்துச் செலவழியுங்கள்.

ஜெயித்தாலும் துறை சும்மா இருக்காது. ‘தண்டனை மாற்றல்’ என்று ரத்தாகும்போது, வேண்டுமானால் முறைப்படி விசாரணை நடத்திக்கொள்ளலாம் என்ற உரிமையை நீதிமன்றம் பெரும்பாலும் துறைக்கு விட்டுவைக்கும். அடுத்த மாதமே 17(பி) மெமோ வரலாம், அதற்கு இப்போதே மனதைத் தயார் செய்யுங்கள். மாற்றலுக்காகச் சேர்த்த அதே தேதிப் பட்டியல்தான் அந்த விசாரணையிலும் உங்கள் முதல் ஆவணம்.

தடையோ ரத்தோ கையில் வந்ததும், சான்றிட்ட நகலோடு அன்றைக்கே பழைய அலுவலகத்துக்குப் போய்ப் பணியேற்பு அறிக்கை கொடுங்கள். வாங்க மறுத்தால் மின்னஞ்சலிலும் விரைவுத் தபாலிலும் அனுப்பிவிட்டு, அனுப்பிய நேரத்தைக் குறித்து வையுங்கள். தினமும் அலுவலகத்துக்குப் போய்வந்ததற்கு ஏதாவது ஒரு அடையாளம் இருக்கட்டும். இரண்டு வாரம் பார்த்தும் சேர்க்கவில்லை என்றால் வழக்கறிஞர் நோட்டீஸ், அதற்கும் அசையாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு. அதற்கான காலக்கெடு ஒரு வருடம். ஆனால் இரண்டாவது மாதத்தைத் தாண்ட விடாதீர்கள், சம்பளம் இல்லாத மாதங்கள் வீட்டை எப்படி உலுக்கும் என்பதை நான் பக்கத்திலிருந்து பார்த்திருக்கிறேன்.